ஓட்டக்காரிக்குப் பின்னால் தெரிந்த லயம்

நான் எடுக்கத் தொடங்கிய படம் ஒரு பெண்ணின் ஓட்டத்தைப் பற்றியது. முடித்த படத்தில் அவள் சில தடவைகள் குறுக்கே ஓடிப் போகிறாள், அவ்வளவுதான். இடையில் என்ன நடந்தது என்று கேட்பவர்களிடம் "மழை" என்று மட்டும் சொல்லிவிடுவேன். இங்கே கொஞ்சம் விரிவாகச் சொல்லிப் பார்க்கிறேன்.

ஹட்டன் டவுனில் ஒரு ஸ்டூடியோவில் எனக்கு வேலை. கல்யாணம், சாமத்தியச் சடங்கு, கோயில் தேர் என்று எடுத்து வருகிற வீடியோக்களை வெட்டி, ஒட்டி, பாட்டுச் சேர்த்துக் கொடுக்க வேண்டும். ஸ்டூடியோவின் முதலாளி ஒரு முஸ்லிம் பெரியவர். நாங்கள் எல்லோரும் அவரை நானா என்போம். சனி, ஞாயிறில் கல்யாண வேலை தலைக்கு மேல் இருக்கும். அதனால் எனக்கு லீவு கிழமையின் நடுவில்தான் கிடைக்கும். அப்போது டயகம பக்கமிருக்கும் எங்கள் தோட்டத்துக்கு பஸ் ஏறிவிடுவேன். அங்கே மேல் லயத்தில் அம்மாவும் நானும் இருந்தோம். ஒரே கூரையின் கீழ் குடும்பத்துக்கு ஒன்றாக வரிசையாகக் காம்பராக்கள், முன்னால் இஸ்தோப்பு என்கிற நீளமான திண்ணை, லயத்தின் முனையில் தண்ணீர் கொட்டும் பீலி. பின்னால் தேயிலை மலை.

அந்த லயத்தில் எங்களுக்கு இரண்டு காம்பரா தள்ளி ஓர் அக்கா இருந்தாள். கொழுந்து எடுக்கிறவள், பள்ளிக்கூடம் போகிற மகள் ஒருத்தி அவளுக்கு. காலையில் ஆட்களை மலைக்குப் பிரித்து அனுப்பும் பெரட்டுக்கு முன்னால், இருட்டு விலகும் நேரத்தில், அவள் ஓடுவாள். கீழ் ரோட்டிலிருந்து கோயில் வழியாக ஏறி, லயத்தின் முன்னால் ஓடி, கைக்குழந்தைகளைப் பார்த்துக்கொள்ளும் பிள்ளை மடுவத்தைச் சுற்றித் திரும்பி வருவாள். நுவரெலியாவில் சீசன் காலத்தில் ஒரு வீதி ஓட்டம் நடக்கும். அதில் ஓட வேண்டுமென்று ஆசை. கல்யாணமான பெண்ணொருத்தி காரணமில்லாமல் ஓடுவதை எங்கள் தோட்டம் அதற்கு முன் பார்த்ததில்லை. சிரித்தார்கள். பிறகு பழகிவிட்டார்கள். அவள் போகிற சத்தத்தை வைத்துத் தேத்தண்ணிக்கு அடுப்புப் பற்றவைக்கும் அளவுக்குப் பழகிவிட்டார்கள்.

அதைப் படமாக்க வேண்டுமென்று எனக்குத் தோன்றியது. நானாவிடம் கேட்டேன்.

"கல்யாணத்துக்குக் கொண்டு போகாத பழைய கெமரா ஒண்டு கெடக்கு மகள், எடுத்துட்டுப் போங்க. மழையில மட்டும் நனைச்சிராதீங்க" என்றார்.

ஒரே கெமரா, ஒரே ஆள். ஓடுகிறவளின் பின்னால் கெமராவைத் தூக்கிக்கொண்டு ஏற என்னால் முடியவில்லை. முதல் நாளே மூச்சு வாங்கி உட்கார்ந்துவிட்டேன். அதனால் ஒரு வழி செய்தேன். அவள் கடந்து போகும் இடமொன்றில் கெமராவை ஸ்டாண்டில் நிறுத்தி, ஓடவிட்டுக் காத்திருப்பேன். அவளுடைய ஸ்வெட்டருக்குள் இடுப்பில் சின்னதாக ஒரு ஒலிப்பதிவுக் கருவியைக் கட்டி அனுப்புவேன். அவள் மேலே வந்து சேர எப்போதும் நான் நினைத்ததைவிட நேரமாகும். அதுவரை கெமரா லயத்தையும் பீலியையும் போகிற வருகிறவர்களையும் பார்த்துக்கொண்டிருக்கும். பிறகு அவள் வருவாள், வலமிருந்து இடமாகக் கடந்து போவாள். எனக்கு வேண்டியது அந்தக் கணம் மட்டும். மற்றதை வெட்டிவிடலாம் என்று வைத்திருந்தேன்.

நுவரெலியா ஓட்டம் நடந்தது. அக்கா நான்காவதாக வந்தாள். பரிசு முதல் மூன்று பேருக்குத்தான். ஆனால் முடிவுக் கோட்டைத் தாண்டியதும் அவள் திரும்பி, பின்னால் வருகிற பெண்களைப் பார்த்த ஒரு பார்வை இருந்தது. என் படம் அந்தப் பார்வையில்தான் முடியப்போகிறது என்று பஸ்ஸில் திரும்பும்போதே முடிவு செய்துவிட்டேன். ஸ்டூடியோ கம்ப்யூட்டரில் கல்யாணங்களுக்கே இடம் போதாது என்பதால், எடுத்தவை எல்லாவற்றையும் ஒரு ஹார்ட் டிஸ்க்கில் போட்டு, ஒரு பிஸ்கட் டின்னில் வைத்து, வீட்டு அலுமாரியில் பூட்டியிருந்தேன்.

அந்த வருடக் கடைசியில் மழை பிடித்தது. எங்களுக்கு மழை புதிதல்ல. ஆனால் அந்த மழை மூச்சு விடவே இல்லை. லயத்துக்குப் பின்னால் மலையில் ஒரு வெடிப்புத் தெரிவதாக ஒரு பகலில் யாரோ வந்து சொன்னார்கள். போய்ப் பார்த்தோம். தேயிலைச் செடிகளின் நடுவே, கையை உள்ளே விடக்கூடிய அகலத்தில் நிலம் பிளந்திருந்தது. தோட்டத்துத் தலைவரும் கிராம சேவகரும் வந்து, உடனே எல்லோரும் பள்ளிக்கூடத்துக்குப் போங்கள் என்றார்கள். பிள்ளைகளையும் அடையாள அட்டைகளையும் இரண்டு போர்வையையும் எடுத்துக்கொண்டு இறங்கினோம். நாளைக்குத் திரும்பி வந்துவிடுவோம் என்றே எல்லோரும் நினைத்தோம். அம்மா அடுப்பில் இருந்த சோற்றுப் பானையைக்கூட இறக்கி மூடிவைத்துவிட்டுத்தான் வந்தார்.

மறுநாள் விடிகிற நேரத்தில் ஒரு சத்தம் கேட்டது. இடி என்று நினைத்தோம். இடி நிற்கும். இது நிற்கவில்லை.

பள்ளிக்கூட மைதானத்தில் நின்று மேலே பார்த்தபோது, லயம் இருந்த இடத்தில் மலை இருந்தது. சிவந்த மண், வேரோடு புரண்ட தேயிலைச் செடிகள், நடுவில் தகரம் ஒன்று. யாரும் அழவில்லை. கொஞ்ச நேரம் எல்லோரும் பார்த்துக்கொண்டே நின்றோம். அவ்வளவு பெரிதொன்று அவ்வளவு சீக்கிரத்தில் இல்லாமல் போக முடியும் என்பது யாருக்கும் உள்ளே இறங்கவில்லை. பிறகுதான் பீலிக்குப் பக்கத்து வீட்டுப் புருஷனும் பெண்சாதியும் மாட்டை அவிழ்த்து வர விடியுமுன்னே மேலே போனது தெரியவந்தது. அதன் பின் அழுதோம்.

அவர்கள் இரண்டு பேரையும் எடுத்து அடக்கம் செய்த பிறகும் தோண்டுவது நடந்தது. ஒருநாள் அக்கா சேறு வழிகிற ஒரு டின்னைக் கையில் ஏந்திக்கொண்டு வகுப்பறைக்குள் வந்தாள்.

"தங்கச்சி, ஒங்க அலுமாரி குப்புறக் கெடந்துச்சு. இது ஒன்னோடதா பாரு."

திறந்தேன். கறுப்புத் தண்ணீருக்குள் ஹார்ட் டிஸ்க் கிடந்தது. அப்படியே டின்னோடு ஹட்டனுக்குக் கொண்டு போனேன். கழுவி, காயவைத்து, கம்ப்யூட்டரில் மாட்டிப் பார்ப்பதாக இருந்தேன். நானா என் கையைப் பிடித்து நிறுத்திவிட்டார்.

"தொடாதீங்க மகள். இப்ப கரண்ட் குடுத்தா உள்ளுக்கு மிஞ்சி இருக்கிறதும் போயிரும். நாளைக்குக் கண்டிக்குப் போவம்."

கடையைப் பூட்டிவிட்டு அவரே வேனில் கூட்டிப்போனார். கண்டியில் இதையே தொழிலாகச் செய்யும் ஒரு சிங்கள இளைஞர் இருந்தார். டின்னைப் பார்த்ததும், எங்கிருந்து வருகிறீர்கள் என்று மட்டும் கேட்டார். சொன்னேன். "நங்கி, சத்தியம் எதுவும் பண்ணமாட்டேன். ஆனா இத மத்த வேலைக்கெல்லாம் முன்னுக்குப் பாப்பேன்" என்று சிங்களத்தில் சொன்னார். நங்கி என்றால் தங்கச்சி.

சில வாரங்கள் போன பிறகு கூப்பிட்டார். மீண்டது எல்லாம் துண்டு துண்டு. பெயர்கள் அழிந்து, வரிசை குலைந்து, சிலவற்றில் படம் உண்டு, ஒலி இல்லை. ஒலிப்பதிவுக் கருவியில் இருந்து ஏற்றியவற்றில் பாதி இருந்தன. எது எந்த நாளுடையது என்று தெரியாது. நுவரெலியா ஓட்டத்தில் ஒரு துளிகூட இல்லை. கோட்டைத் தாண்டித் திரும்பிய அந்தப் பார்வையும் இல்லை.

ஸ்டூடியோவில் உட்கார்ந்து முதல் துண்டைத் திறந்தேன். திரையில் எங்கள் லயம் வந்தது.

காலை வெளிச்சம். சுண்ணாம்புச் சுவர். கூரைத் தகரத்தின் இடைவெளிகளில் புகை கசிந்து, பனியோடு கலந்து, இஸ்தோப்பின் மேலே தொங்கிக்கொண்டு நின்றது. ஒரு வாசலில் யாரோ தண்ணீர் தெளித்தார்கள். ஒரு பிள்ளை ஒற்றைச் சப்பாத்தோடு இன்னொன்றைத் தேடி அலைந்தது. கிழவர் ஒருவர் வெளியே வந்து வானத்தைப் பார்த்து, உள்ளே போய், தொப்பி போட்டுக்கொண்டு மறுபடி வந்தார். நான் பிறந்து வளர்ந்த இடம். ஒருநாளும் அதை இப்படி நின்று பார்த்ததில்லை என்று தோன்றியது. மூச்சை விட்டால் கலைந்துவிடுமோ என்பதுபோல் பார்த்துக்கொண்டிருந்தேன். அந்த இடத்தில் இப்போது மண் மட்டும்தான் என்பது தெரியும். தெரிந்துகொண்டே பார்ப்பது என்னவோ செய்தது. அப்போது ஓரத்திலிருந்து அக்கா ஓடி வந்தாள். ஒரு கணம் அவள் உடம்பு அந்தக் கிழவரை மறைத்தது. "அக்கா, கொஞ்சம் விலகுங்களேன்" என்று என் வாயில் வந்துவிட்டது.

அடுத்த லீவுக்கு லேப்டாப்போடு பள்ளிக்கூடத்துக்குப் போனேன். ஒரு வகுப்பறையில் மேசைகளை ஓரமாகத் தள்ளி, பாய் விரித்து மூன்று குடும்பங்கள் இருந்தன. பகல் நேரம். அக்காவுக்கு மட்டும் காட்டத்தான் நினைத்தேன். அவளுடைய நுவரெலியா ஓட்டம் அழிந்துவிட்டது என்று எப்படிச் சொல்வது என்ற பயமும் இருந்தது. முதல் துண்டு பாதி ஓடுவதற்குள் அறை நிறைந்துவிட்டது. ஜன்னலிலும் தலைகள்.

"நிப்பாட்டு, நிப்பாட்டு!"

"என்னாங்க?"

"அந்தா, செவத்துல தொங்குது பாரு, எங்க கொழுந்துக் கூட. கொஞ்சம் பின்னுக்குப் போ."

"ஐயோ, எங்க சேவல்! என்னா நட நடக்குது பாருங்க, தொர மாதிரி!"

"பீலிகிட்ட நிக்கிறது யாரு? தலைய மட்டும் காட்டுது."

"நாந்தான்! அது நாந்தான்!"

எல்லோரிடமும் கைபேசி இருந்தது. கைபேசிகளில் முகங்கள் இருந்தன, கோயிலில், கல்யாணத்தில், பிறந்தநாள் கேக்குக்குப் பின்னால். ஆனால் பீலியை யாரும் எடுத்து வைத்திருக்கவில்லை. தண்ணீர் எடுக்க வரிசையில் குடம் வைத்ததை யார் எடுத்து வைப்பார்கள்? அன்று அதைத்தான் அவர்கள் மறுபடி மறுபடி கேட்டார்கள். அக்கா ஓடிவரும்போதெல்லாம் பின்னாலிருந்து ஒருத்தர் கத்தினார்.

"ஏ புள்ள, மறைக்காமப் போ!"

அறை முழுவதும் சிரித்தது. வந்ததிலிருந்து அந்தப் பள்ளிக்கூடத்தில் அப்படியொரு சிரிப்பை நான் கேட்கவில்லை. அக்காவும் சிரித்தாள்.

கூட்டம் கலைந்த பிறகு அவளிடம் சொன்னேன். "அக்கா, நுவரெலியா போயிருச்சு. ஒன்னுமே வரல."

அவள் கலைந்து கிடந்த பாயை இழுத்து நேராக்கினாள். பிறகு, "நான் ஓடுனது எனக்குத் தெரியும் தங்கச்சி. நீ இவங்க நடந்தத போடு" என்றாள்.

மாட்டை அவிழ்க்கப் போய் இறந்தவர்களின் மகள் கொழும்பில் கார்மெண்ட்ஸில் வேலை செய்கிறவள். லீவில் வந்திருந்தபோது என்னைத் தேடி வந்தாள். தன் அம்மா படத்தில் இருப்பதாக யாரோ சொல்லியிருக்கிறார்கள். அவள் கைபேசியிலும் அம்மா இருந்தார். திருவிழாவில், புதுச் சேலையில், விறைப்பாக. நான் ஒரு துண்டைத் திறந்து காட்டினேன். அதில் அந்த அம்மா பீலியடியில் குனிந்து பித்தளைக் குடத்தைச் சாம்பல் போட்டுத் தேய்த்துக்கொண்டிருந்தார். அக்கா கடந்து போனாள். அந்த அம்மா நிமிர்ந்து, ஏதோ சத்தமாகச் சொல்லி, சாம்பல் கையை வாய்க்குப் பக்கத்தில் கொண்டுபோய்ச் சிரித்தார். அந்தத் துண்டுக்கு ஒலி இல்லை.

"அம்மா என்னா சொல்றாங்க?" என்று கேட்டாள் மகள்.

பக்கத்தில் நின்ற அக்கா சொன்னாள். "நெதம் ஒரே கேள்விதான். 'யாருடி ஒன்னத் தொரத்துறா?'ன்னு கேப்பாங்க. நா பதில் சொல்றதுக்குள்ள தாண்டிப் போயிருவேன்."

மகள் மறுபடி பார்த்தாள். உதடுகளைப் பார்த்தாள். லீவு முடிந்து கொழும்புக்குத் திரும்பிப் போனாள்.

நான் ஹட்டனுக்கு வந்து ஒலித்துண்டுகளைக் கேட்கத் தொடங்கினேன். அக்காவின் மூச்சு. காலடி. நாய். யாரோ வீட்டு ரேடியோ. மறுபடி மூச்சு. கல்யாண வேலை முடிந்த பின்னேரங்களில் எல்லாம் காதில் இதுதான். சில துண்டுகளில் பீலியின் சத்தம் தூரத்திலிருந்து நெருங்கி வந்து, பெரிதாகி, விலகிப் போகும். அந்த இடத்தில்தான் குரல் இருக்க வேண்டும். பல துண்டுகளில் அங்கே வெறும் தண்ணீர்தான் இருந்தது. ஒன்றில் இரைச்சல். இன்னொன்றில், தண்ணீருக்கு மேலே, மிகப் பக்கத்தில், தெளிவாக:

"யாருடி ஒன்னத் தொரத்துறா?"

அதைத் தொடர்ந்து சிரிப்பு.

படத்தையும் குரலையும் அடுத்தடுத்து வைத்தேன். கொஞ்சம் முன்னே நகர்த்தினேன். கொஞ்சம் பின்னே. திடீரென்று இரண்டும் கவ்விக்கொண்டன. அந்த அம்மா நிமிர்ந்தார், வாய் திறந்தது, குரல் வந்தது. சாம்பல் கை வாய்க்குப் போனது, சிரிப்பு வந்தது. வருடக்கணக்காக நான் செய்கிற வேலை இது, மணமக்களின் படத்தில் பாட்டை ஒட்டுகிற அதே வேலை. ஆனாலும் என் கை அதைச் செய்தது என்று நம்ப முடியவில்லை. நாற்காலியைப் பின்னே தள்ளி எழுந்து நின்றுவிட்டேன். பின்னால் தேத்தண்ணிக் கோப்பையோடு நானா நின்றிருந்தார்.

"சுப்ஹானல்லாஹ்" என்றார்.

மகள் அடுத்த தடவை கொழும்பிலிருந்து வரும் வழியில் ஹட்டனில் இறங்கினாள். கல்யாணப் படத்துக்கு மணப்பெண்ணை உட்காரவைக்கும் ஸ்டூலில் அவளை உட்காரவைத்தேன். காட்டுவதற்கு முன் உண்மையைச் சொல்லிவிட வேண்டும் என்று தோன்றியது.

"இது அதே நாள் குரல் இல்ல. வேற ஒரு நாள் சொன்னது. நாந்தான் சேத்தேன்."

"எந்த நாள் சொன்னா என்னா? எங்கம்மாதானே சொல்றாங்க" என்றாள்.

ஓடவிட்டேன். அவள் அழுவாள் என்று தண்ணீர்ப் போத்தலைப் பக்கத்தில் வைத்திருந்தேன். அவள் அழவில்லை. முகம் மெல்ல மெல்ல விரிந்தது. சின்னப் பிள்ளை பலூனைப் பார்ப்பதுபோல் பார்த்தாள். "இன்னொருக்கா" என்றாள். பிறகு இன்னொருக்கா. டயகம பஸ் வந்து போனது. அதற்கடுத்த பஸ்ஸும் போனது.

அதற்குப் பிறகு படம் தானாகவே உருவம் எடுத்தது போலத்தான் இருந்தது. வெட்டியெறிய வைத்திருந்த காத்திருப்பெல்லாம் படமானது. கதையாக நினைத்தது இடையில் வந்து போனது. படம் இல்லாத ஒலிக்குத் திரையைக் கறுப்பாகவே விட்டேன். உறைந்து நின்ற படங்களை உறைந்தபடியே விட்டேன். பின்னணியில் பாட்டு எதுவும் சேர்க்கவில்லை. எல்லாம் சேர்ந்து கால் மணித்தியாலம்தான் இருக்கும்.

தற்காலிகத் தகர வீடுகளுக்கு எல்லோரும் மாறிய பிறகு, கீழ்ப் பிரிவுக் கோயில் மண்டபத்தில் அதைத் திரையிட்டோம். நானா கல்யாண மண்டபங்களுக்குக் கொண்டு போகும் ப்ரொஜெக்டரை வேனில் ஏற்றி வந்தார். ஜன்னல்களுக்குச் சாக்குத் தொங்கவிட்டு, மணமேடைக்குக் கட்டும் வெள்ளைத் துணியைச் சுவரில் இழுத்துக் கட்டினோம். இந்தத் தடவை யாரும் நிறுத்தச் சொல்லவில்லை. லயம் உண்மையான அளவுக்குக் கிட்டத்தட்ட வந்து நின்றபோது, முன்வரிசையில் இருந்த பிள்ளைகள் எழுந்து போய்த் துணியைத் தொட்டுப் பார்த்தார்கள். பீலியடியில் அந்த அம்மாவின் குரல் வந்தது. நான் திரையைப் பார்க்கவில்லை. வெள்ளைத் துணியின் வெளிச்சம் விழுந்த முகங்களைப் பார்த்தேன். நான் அறிந்த முகங்கள்தான். ஆனாலும் கோயிலில் கர்ப்பக்கிரகத் திரை விலகும்போதுகூட அவர்களை அப்படிப் பார்த்ததில்லை.

படம் முடிந்ததும் நானா எழுந்து, யாருக்கு எந்த இடம் வேண்டுமோ சொல்லுங்கள், படத்திலிருந்து எடுத்து அச்சடித்துத் தருகிறேன் என்றார். அடுத்து வந்த நாட்களில் ஆட்கள் ஹட்டனுக்கு வந்தார்கள். ஒருத்தர் சேவலைக் கேட்டார். தொப்பி போட்ட கிழவர் தன்னையே கேட்டு வாங்கினார். இறந்தவர்களின் மகள், அம்மா சிரிக்கிற இடத்தைக் காட்டினாள். மாலை போடுகிற படம், கொஞ்சம் அமைதியாக இருக்கிற இடமாகப் பார்ப்போமா என்று நான் கேட்டதற்கு, வேண்டாம், இதுதான் வேண்டும் என்றாள்.

கடைசியாக வந்தவர் தேயிலைப் பக்டரியில் வேலை செய்கிறவர். அவரும் மனைவியும் விடியுமுன்னே வேலைக்குப் போகிறவர்கள் என்பதால், எந்தத் துண்டிலும் அவர்கள் வரவில்லை. அவர்களுடைய நீலக் கதவு மட்டும், பூட்டுப் போட்டபடி, ஓரிடத்தில் தெரிந்தது. அதைப் பெரிதாக அடித்துத் தரச் சொன்னார்.

"ஆள் ஒருத்தரும் இல்லையே தம்பி. வேற ஏதாச்சும் பாப்பமா?" என்றார் நானா.

"இதே போதுங்க. பூட்டித்தானே இருக்கு. உள்ளுக்கு எல்லாம் அப்படியே இருக்கும்."

நானா கல்யாணத் தம்பதிகளுக்கு அடிக்கும் பெரிய தாளை எடுத்து மெசினில் வைத்தார்.